செயலிக் கடையில் செலவான பணம்

காலணிக் கடையில் வாங்கிய காலணி காலைக் கடித்தால் நாம் என்ன செய்வோம்? பற்றுச்சீட்டை எடுத்துக்கொண்டு அதே கடைக்குப் போவோம். கடைக்காரர் காலணியை மாற்றிக் கொடுக்கலாம். பணத்தைத் திருப்பிக் கொடுக்கலாம். முடியாது என்றும் சொல்லலாம். எதுவாக இருந்தாலும் பதில் சொல்ல ஓர் ஆள் எதிரில் நிற்பார். திறன்பேசிக்குள் இருக்கும் கடையில் அப்படி எவரும் நிற்பதில்லை. விரலால் ஒரு முறை தொட்டவுடன் வாணிபம் முடிந்துவிடுகிறது. தொட்டுப் பார்க்கும் பொருள் எதுவும் கைக்கு வருவதில்லை. அதனால், அங்கே போன பணம் போனதுதான் என்று பலர் எண்ணிக்கொள்கிறார்கள். அந்த எண்ணம் சரியன்று. பணத்தைத் திரும்பக் கேட்க வழி உண்டு. அதற்குக் காலக்கெடுவும் உண்டு.

கிள்ளானில் வாழும் ஒரு குடும்பத்தை நினைத்துக்கொள்ளுங்கள். அம்மா தொழிற்சாலையில் வேலை செய்கிறார். மகள் மூன்றாம் படிவத்திலும் மகன் மூன்றாம் ஆண்டிலும் படிக்கிறார்கள். ஒரு சனிக்கிழமை இரவு, தம்பி தன் விளையாட்டுச் செயலியில் வைரக்கற்கள் வாங்கித் தரும்படி கெஞ்சினான். ஆகச் சிறிய பொட்டலத்தின் விலை 4 ரிங்கிட் 90 சென். அம்மா சரியென்று தம் திறன்பேசியில் கடவுச்சொல்லைத் தட்டிக் கொடுத்துவிட்டுச் சமையலறைக்குப் போனார். அடுத்த கால் மணி நேரத்தில் தம்பி, 49 ரிங்கிட் 90 சென் விலையுள்ள பெரிய பொட்டலத்தை ஆறு முறை வாங்கிவிட்டான். திறன்பேசி ஒரு முறைகூடக் கடவுச்சொல்லைக் கேட்கவில்லை. கேட்காததால், அது பணம் இல்லை என்றே அவன் நினைத்தான்.

ஞாயிற்றுக்கிழமை மாலை அம்மா மின்னஞ்சலைத் திறந்தபோது ஏழு பற்றுச்சீட்டுகள் வரிசையாக இருந்தன. மொத்தம் 304 ரிங்கிட் 30 சென். அந்த மாதத்து மின்கட்டணத்துக்கும் பள்ளிப் பேருந்துக்கும் ஒதுக்கி வைத்திருந்த பணம் அந்த அட்டையில்தான் இருந்தது.

பணம் யாரிடம் போனது?

திரும்பக் கேட்பதற்கு முன்பு, பணம் யார் கையில் இருக்கிறது என்பது தெரிய வேண்டும். பெரும்பாலோர் இங்கேதான் தடுமாறுகிறார்கள். விளையாட்டை உருவாக்கிய நிறுவனம் ஒன்று. அதை விற்கும் கடை மற்றொன்று. ஆப்பிள் நிறுவனம் தன் ஆப் ஸ்டோரை 2008ஆம் ஆண்டு ஜூலை மாதத்தில் ஏறத்தாழ 500 செயலிகளுடன் திறந்தது. ஆண்டிராய்டு திறன்பேசிகளுக்கான கடை 2012இல் கூகுள் பிளே என்னும் பெயரைப் பெற்றது. இரண்டிலும் அட்டையிலிருந்து பணத்தை எடுப்பது கடைதான். கடை தன் தரகுப் பணத்தைக் கழித்துக்கொண்டு மீதியை உருவாக்குநருக்கு அனுப்புகிறது. நீண்ட காலம் அந்தத் தரகு நூற்றுக்கு முப்பதாக இருந்தது. 2021 முதல் சிறிய நிறுவனங்களுக்கு அது நூற்றுக்குப் பதினைந்தாகக் குறைக்கப்பட்டது.

இதனால் விளையும் நடைமுறை வேறுபாடு ஒன்றை நினைவில் கொள்ளுங்கள். ஐபோனில் வாங்கியதற்கு உருவாக்குநரிடம் கேட்டால், “எங்களால் திருப்பித் தர இயலாது, ஆப்பிளிடம் கேளுங்கள்” என்றே பதில் வரும். அவர் தட்டிக்கழிக்கவில்லை, உண்மையைத்தான் சொல்கிறார். கூகுள் பிளேயில் அப்படியன்று. வாங்கிய 48 மணி நேரத்திற்குள் கேட்டால், நிலவரத்தைப் பொறுத்து கூகுள் நிறுவனமே பணத்தைத் திருப்பித் தரலாம். அந்தக் கெடு தாண்டிவிட்டால் பெரும்பாலும் உருவாக்குநரைத்தான் அணுக வேண்டும். அவருக்கும் பணத்தைத் திருப்பிக் கொடுக்கும் வசதி உண்டு.

கிள்ளான் குடும்பத்திற்கு இன்னும் ஒரு நாள் கையில் இருந்தது.

வைரக்கல்லின் விலை என்ன?

தம்பியைத் திட்டுவது எளிது. ஆனால், அந்த விளையாட்டு எப்படி அமைக்கப்பட்டிருக்கிறது என்பதையும் சற்றுப் பார்க்க வேண்டும். விளையாட்டுக்குள் ஒரு வாளின் விலை 50 ரிங்கிட் என்று எழுதியிருந்தால் ஒன்பது வயதுப் பிள்ளைகூடத் தயங்கும். அங்கே அப்படி எழுதுவதில்லை. வாளின் விலை 450 வைரக்கற்கள். வைரக்கற்களோ 400 அல்லது 1,000 கொண்ட பொட்டலங்களாக விற்கப்படுகின்றன. 400 வாங்கினால் போதாது. 1,000 வாங்கினால் மீதி கிடக்கும். மீதி கிடப்பதைச் செலவழிக்க இன்னும் கொஞ்சம் வாங்க வேண்டியிருக்கும். ரிங்கிட்டை வைரக்கல்லாக்கிய அந்த ஒரு படியில் பணம் என்ற உணர்வு மறைந்துபோகிறது. கேளிக்கைப் பூங்காவில் பணத்தை வில்லைகளாக மாற்றிக் கொடுப்பதும் இதே தந்திரம்தான். ஆனால் அங்கே வில்லைகள் தீர்ந்தால் பை காலியாகும், கண்ணுக்குத் தெரியும்.

அடுத்தது கடவுச்சொல். அம்மா ஒரு முறை தட்டிய கடவுச்சொல், அடுத்த அரை மணி நேரத்திற்குச் செல்லுபடியாகும்படி அவருடைய திறன்பேசியில் அமைந்திருந்தது. அவருக்கு அது தெரியாது. இது ஒரு குடும்பத்தின் கவனக்குறைவு மட்டும் அன்று. அமெரிக்காவின் மத்திய வாணிப ஆணையம் இதே காரணத்துக்காகப் பெரிய நிறுவனங்களின்மீது நடவடிக்கை எடுத்தது. ஆப்பிள் கடையில், பெற்றோர் ஒரு முறை கடவுச்சொல்லைத் தட்டினால் 15 நிமிடங்களுக்குப் பிள்ளைகள் தடையின்றி வாங்க முடிந்தது. இதைப் பெற்றோருக்குத் தெளிவாகச் சொல்லவில்லை என்பது ஆணையத்தின் குற்றச்சாட்டு. 2014ஆம் ஆண்டு ஜனவரியில் ஆப்பிள் குறைந்தது 32.5 மில்லியன் டாலரைத் திருப்பிக் கொடுக்க இணங்கியது. அதே ஆண்டு செப்டம்பரில் கூகுள் குறைந்தது 19 மில்லியன் டாலரைத் திருப்பிக் கொடுக்க ஒப்புக்கொண்டது. அங்கே அந்த இடைவெளி 30 நிமிடங்களாக இருந்தது.

2022ஆம் ஆண்டு டிசம்பரில் ‘ஃபோர்ட்நைட்’ விளையாட்டை நடத்தும் எப்பிக் கேம்ஸ் நிறுவனத்தின் முறை வந்தது. திரை விழித்துக்கொள்ளும்போதோ விளையாட்டு ஏறிக்கொண்டிருக்கும்போதோ ஒரே ஒரு பொத்தானைத் தவறுதலாக அழுத்தினாலும் பொருள் வாங்கப்பட்டுவிடும்படி அதன் பொத்தான்கள் குழப்பமாக அமைக்கப்பட்டிருந்தன என்று ஆணையம் கூறியது. பயனீட்டாளர்களுக்குத் திருப்பிக் கொடுப்பதற்காக 245 மில்லியன் டாலர் செலுத்த அந்நிறுவனம் இணங்கியது.

இந்த வழக்குகள் அமெரிக்கப் பயனீட்டாளர்களுக்காக நடந்தவை. நம் நாட்டில் கேட்பவருக்கு அவற்றால் நேரடியாக ஒரு சென்னும் வராது. ஆனாலும் பொத்தானை வடிவமைப்பவருக்கும் பொறுப்பு உண்டு என்பதை அவை நிலைநாட்டின. வாங்கும் முன் அனுமதி கேட்கும் வசதிகள் இன்று செயலிக் கடைகளில் கூடியிருப்பதற்கு இத்தகைய வழக்குகளும் ஒரு காரணம்.

முதல் வேலை

அன்று மாலை அக்காள் முதலில் செய்தது, தம்பியின் கையிலிருந்து திறன்பேசியை வாங்கி வைத்ததுதான். கோபத்தால் அன்று. வாங்கிய வைரக்கற்களில் பெரும்பகுதி இன்னும் செலவாகாமல் இருந்தது. அதைச் செலவழித்துவிட்டால், பொருளைப் பயன்படுத்திவிட்டுப் பணத்தையும் கேட்பதாக ஆகிவிடும். ஆப்பிள் கடையில், வாங்கிய பொருள் எவ்வளவு பயன்படுத்தப்பட்டது என்ற விவரத்தை உருவாக்குநரிடம் கேட்டறியும் ஏற்பாடே இருக்கிறது. காலணியைப் போட்டுக்கொண்டு ஊரைச் சுற்றிவிட்டுத் திருப்பிக் கொடுப்பவரைக் கடைக்காரர் எப்படிப் பார்ப்பார்?

அம்மா அந்தச் செயலியை உடனே அழித்துவிடச் சொன்னார். அக்காள் தடுத்தாள். செயலியை நீக்குவதால் பணம் திரும்பி வராது; விளையாட்டில் தம்பிக்கு உரிய அடையாள எண் பின்னர் தேவைப்படலாம். அதைக் குறித்துக்கொண்டாள். பிறகு ஏழு பற்றுச்சீட்டுகளையும் ஒவ்வொன்றாகத் திறந்து, நாள், நேரம், தொகை, வாங்கல் எண் ஆகியவற்றை ஒரு தாளில் எழுதினாள். கூகுள் பிளேயின் வாங்கல் எண் ‘ஜிபிஏ’ என்னும் எழுத்துகளுடன் தொடங்கும், நீளமானது, ஓர் இலக்கம் மாறினாலும் பயனில்லை. ஆகவே அதைக் கையால் எழுதுவதைவிட நகலெடுத்து ஒட்டுவதே நல்லது.

கூகுள் பிளேயின் இணையத்தளத்தில் அம்மாவின் கணக்கில் நுழைந்து, கட்டணங்களும் சந்தாக்களும் என்ற பகுதியைத் திறந்தால் வாங்கியவற்றின் பட்டியல் இருக்கும். ஒவ்வொன்றின் அருகிலும் சிக்கலைத் தெரிவிக்க ஓர் இணைப்பு உண்டு. அதைத் தொட்டால் காரணத்தைத் தேர்ந்தெடுக்கச் சொல்லும். சிறிய விளக்கமும் எழுதலாம். ஏழு வாங்கல்களுக்கு ஏழு விண்ணப்பங்கள். ஆப்பிள் பயனர்களுக்கு இதற்கென்றே தனி இணையப் பக்கம் இருக்கிறது. அதன் பெயரே ‘சிக்கலைத் தெரிவி’ என்று பொருள்படும். அங்கே நுழைந்து, பணத்தைத் திரும்பக் கோரும் தெரிவையும் காரணத்தையும் பொருளையும் தேர்ந்தெடுத்து அனுப்ப வேண்டும். பணம் இன்னும் அட்டையிலிருந்து முழுமையாகப் பிடிக்கப்படாமல் நிலுவையில் இருந்தால் அந்தப் பக்கம் விண்ணப்பத்தை ஏற்காது. ஓரிரு நாள் பொறுத்து மீண்டும் முயல வேண்டும். குடும்பப் பகிர்வு வசதியைப் பயன்படுத்துவோர், குடும்ப ஒருங்கிணைப்பாளரின் கணக்கிலிருந்து பிள்ளைகளின் வாங்கல்களுக்கும் கோரலாம்.

எந்தக் காரணத்தை எழுதுவது?

காரணங்களின் பட்டியலைப் பார்த்ததும் வீட்டில் சிறு வாக்குவாதம் எழுந்தது. தெரியாத ஒருவர் தம் அட்டையைப் பயன்படுத்திவிட்டதாகத் தெரிவிக்கவும் கூகுளில் வழி இருக்கிறது. அதற்குரிய கெடு 120 நாள். 48 மணி நேரக் கெடுவைப்போல நெருக்குவதில்லை.

“யாரோ எடுத்துவிட்டார்கள் என்று போட்டால் முழுப் பணமும் கிடைத்துவிடும் அல்லவா?” என்று அம்மா கேட்டார். 304 ரிங்கிட் அவருக்குச் சிறிய தொகை அன்று. கூடுதல் வேலை நேரத்தில் அதைச் சம்பாதிக்க எத்தனை இரவுகள் நிற்க வேண்டும் என்பது அவருக்குத்தான் தெரியும்.

“அம்மா, தம்பி நமக்குத் தெரியாத ஆள் இல்லையே” என்றாள் அக்காள். “நம் திறன்பேசியிலிருந்து, நம் வீட்டு இணையத்திலிருந்துதான் வாங்கியிருக்கிறான். அவர்கள் பார்த்தால் தெரிந்துவிடும்.”

“அப்படியென்றால் என்ன எழுதுவாய்? நான்தான் கடவுச்சொல்லைத் தட்டிக் கொடுத்தேன் என்றா?”

“ஆமாம், அம்மா. ஒன்றுக்குத் தட்டிக் கொடுத்தீர்கள். ஆறுக்கு இல்லை.”

அம்மா சிறிது நேரம் பேசாமல் இருந்தார். பிறகு, “அந்த 4 ரிங்கிட் 90 சென்னை விட்டுவிடு. அது நான் வாங்கிக் கொடுத்தது” என்றார்.

அம்மா சொன்ன அந்த ஒரு வரி, விண்ணப்பத்தின் நிறத்தையே மாற்றிவிட்டது. ஏழும் வேண்டும் என்று கேட்பவர் மனம் மாறியவர்போலத் தோன்றுவார். ஒன்றை ஒப்புக்கொண்டு ஆறை மறுப்பவர் சொல்வது, பற்றுச்சீட்டுகளில் பதிவாகியிருக்கும் நேரத்தோடும் தொகையோடும் பொருந்துகிறது. பொய்க் காரணம் வேறு ஆபத்துகளையும் கொண்டுவரும். அட்டை களவாடப்பட்டதாகச் சொன்னால் அந்த அட்டையை முடக்க வேண்டிவரும், வங்கி விசாரிக்கும், உண்மை தெரிந்தால் அடுத்த முறை மெய்யாகவே திருட்டு நடக்கும்போது நம் சொல் எடுபடாது. மெய்க் காரணத்திலும் இடர் இல்லாமல் இல்லை. கணக்கு விவரங்களை மற்றவருக்குக் கொடுத்திருந்தாலோ, கடவுச்சொல்லால் கணக்கைப் பாதுகாக்காமல் விட்டிருந்தாலோ பொதுவாகப் பணம் திருப்பித் தரப்படாது என்று கூகுளின் விதி சொல்கிறது. அந்த விதி குடும்பங்களின்மீது சற்றுக் கடுமையாகவே விழுகிறது எனலாம். அது தெரிந்தேதான் அக்காள் எழுதினாள்.

அவள் மலாய்மொழியில் எழுதிய விளக்கத்தின் தமிழ் வடிவம் இது:

“சனிக்கிழமை இரவு 8.40க்கு, என் ஒன்பது வயது மகன் 4 ரிங்கிட் 90 சென் மதிப்புள்ள ஒரு பொட்டலத்தை வாங்க நான் அனுமதி கொடுத்தேன். அந்த வாங்கலுக்குப் பணம் திரும்பக் கேட்கவில்லை. அதன் பின்னர் 8.43க்கும் 8.55க்கும் இடையில் தலா 49 ரிங்கிட் 90 சென் மதிப்புள்ள ஆறு பொட்டலங்கள் என் அனுமதியின்றி வாங்கப்பட்டுள்ளன. கடவுச்சொல் மீண்டும் கேட்கப்படவில்லை. ஞாயிறு மாலை பற்றுச்சீட்டுகளைப் பார்த்த பிறகே எனக்குத் தெரியவந்தது. அதன் பின் வைரக்கற்கள் பயன்படுத்தப்படவில்லை. இந்த வாங்கலுக்கான தொகையைத் திருப்பித் தருமாறு கேட்டுக்கொள்கிறேன். இனி ஒவ்வொரு வாங்கலுக்கும் கடவுச்சொல் கேட்கும்படி அமைப்பை மாற்றிவிட்டேன்.”

இந்த விளக்கத்தில் அழுகை இல்லை, மிரட்டல் இல்லை, வீட்டு வறுமையும் இல்லை. நேரம், தொகை, நடந்தது, கேட்பது ஆகியவையே இருக்கின்றன. முறையீட்டுக் கடிதம் எழுதப் பழகிய உங்களுக்கு இது புதிதன்று. வேறுபாடு ஒன்றுதான்: இங்கே நீண்ட முன்னுரைக்கு இடமில்லை. கடைசி வாக்கியத்தை எழுதுவதற்கு முன்பே அவள் அமைப்பை உண்மையில் மாற்றியிருந்தாள்.

பதில் வந்தபோது

கூகுளின் முடிவு பெரும்பாலும் ஒரு நாளில் வரும். நான்கு நாள் வரையிலும் ஆகலாம். ஆப்பிள் பொதுவாக 48 மணி நேரத்திற்குள் நிலையைத் தெரிவிக்கும். முடிவு சாதகமாக இருந்தாலும் பணம் அன்றே அட்டையில் தெரியாது. கூகுளில் வங்கி அட்டைக்கு மூன்று முதல் ஐந்து வேலை நாள் ஆகும். சில வேளைகளில் பத்து நாளும் ஆகும். ஆப்பிளில் வங்கி அட்டைக்கு 30 நாள் வரை ஆகலாம். தொலைபேசிக் கட்டணத்தோடு சேர்த்துச் செலுத்தியிருந்தால் 60 நாள் வரை ஆகலாம். வாங்கும்போது நொடியில் ஓடும் பணம் திரும்பும்போது நடந்துதான் வருகிறது.

நம் குடும்பத்திற்குத் திங்கட்கிழமை இரவு பதில் வந்தது. நான்கு விண்ணப்பங்கள் ஏற்கப்பட்டன, இரண்டு மறுக்கப்பட்டன. மறுப்புக்குக் காரணம் விரிவாகச் சொல்லப்படவில்லை. அக்காள் சோர்ந்துவிடவில்லை. செயலியின் பக்கத்தில் இருந்த உருவாக்குநரின் மின்னஞ்சல் முகவரிக்கு, அதே விளக்கத்தோடு தம்பியின் விளையாட்டு அடையாள எண்ணையும் இரண்டு வாங்கல் எண்களையும் சேர்த்து அனுப்பினாள். ஒரு வாரம் கழித்துப் பதில் வந்தது. செலவாகாமல் இருந்த ஒரு பொட்டலத்துக்கான பணத்தை உருவாக்குநர் திருப்பிக் கொடுத்தார். மற்றொன்றின் வைரக்கற்களைத் தம்பி சனிக்கிழமை இரவே வாளாக மாற்றிவிட்டிருந்தான், அதற்கு மறுத்துவிட்டார். ஆக, 299 ரிங்கிட் 40 சென்னுக்குக் கேட்டதில் 249 ரிங்கிட் 50 சென் திரும்பியது. திரும்பிய தொகைக்குரிய வைரக்கற்களை விளையாட்டு நிறுவனம் தம்பியின் கணக்கிலிருந்து கழித்துக்கொண்டது. அதற்கு அவன் அழுதான். ஆனால் அதுதான் நியாயம்: பணம் கடைக்காரரிடமிருந்து திரும்பும்போது பொருளும் அவரிடம் திரும்ப வேண்டும்.

சட்டம் எந்த அளவுக்குத் துணை நிற்கும்?

“சிறுவன் செய்த வாணிபம் செல்லாது அல்லவா?” என்று உங்களுள் சிலர் கேட்கலாம். கேள்வி சரியானது. 1971ஆம் ஆண்டின் பருவ வயதுச் சட்டப்படி மலேசியாவில் 18 வயது நிரம்பியவரே பருவ வயதை அடைந்தவர். 1950ஆம் ஆண்டின் ஒப்பந்தச் சட்டப்படி அந்த வயதை அடையாதவர் செய்யும் ஒப்பந்தம், சில விலக்குகள் நீங்கலாகச் செல்லாது. ஆனால் செயலிக் கடையின் பதிவேட்டில் தம்பி இல்லை. கணக்கு அம்மாவுடையது, அட்டையும் அம்மாவுடையது. வாங்கியது சிறுவன்தான் என்பதை நாம்தான் எடுத்துக்காட்ட வேண்டும். பிள்ளைக்குத் தனிக் கணக்கு வைத்துப் பெற்றோரின் கணக்கோடு இணைப்பதன் பயன் இங்கே புரியும். அந்த முறையில், பிள்ளை வாங்க முயன்றவுடன் பெற்றோரின் திறன்பேசிக்கு அனுமதிக் கோரிக்கை போகும். ஆப்பிளின் குடும்பப் பகிர்வில், 13 வயதுக்குட்பட்ட பிள்ளைகளுக்கு இந்த வசதி தாமாகவே இயங்கத் தொடங்கும்.

அடுத்து 1999ஆம் ஆண்டின் பயனீட்டாளர் பாதுகாப்புச் சட்டம். விற்கப்படும் பொருள் ஏற்கத்தக்க தரத்தில் இருக்க வேண்டும், விவரித்தபடி இருக்க வேண்டும் என்று அது கூறுகிறது. ஏமாற்றும் விளம்பரத்தைத் தடைசெய்கிறது. பொருளில் குறை இருப்பது வேறு. வாங்கியவரின் மனம் மாறுவது வேறு. பணம் பிடித்தபின் செயலி திறக்கவே இல்லை, சொன்ன வசதி அதில் இல்லை என்றால் அது குறை. விளையாடிப் பார்த்துப் பிடிக்கவில்லை என்றால் அது மனமாற்றம். மனமாற்றத்துக்குப் பணம் தருவது கடையின் கொள்கையைப் பொறுத்தது. கணினி விளையாட்டுகளை விற்கும் ‘ஸ்டீம்’ கடை 2015ஆம் ஆண்டு முதல், வாங்கி 14 நாளுக்குள்ளும் விளையாடிய நேரம் இரண்டு மணிக்குக் குறைவாகவும் இருந்தால் காரணம் எதுவானாலும் பணத்தைத் திருப்பிக் கொடுத்து வருகிறது. மற்றக் கடைகளும் இப்படித் தெளிவான அளவுகோலை வைத்தால் நன்றாக இருக்கும்.

பேச்சு எங்கும் எடுபடவில்லை என்றால் உள்நாட்டு வாணிபம், வாழ்க்கைச் செலவின அமைச்சிடம் புகார் கொடுக்கலாம். மலேசியப் பயனீட்டாளர் கோரிக்கை நடுவர் மன்றமும் இருக்கிறது. அங்கே வழக்கைப் பதிவு செய்ய 5 ரிங்கிட் கட்டணம், 50,000 ரிங்கிட் வரையிலான கோரிக்கைகளைத் தொடுக்கலாம், வழக்கறிஞர் தேவையில்லை. உள்ளூர் விற்பனையாளருக்கு எதிராக இது மிக வலுவான வழி. வெளிநாட்டில் இருக்கும் விளையாட்டு நிறுவனத்திடமிருந்து பணத்தை வசூலிப்பது அவ்வளவு எளிதன்று. ஆகவே இதனைக் கடைசிப் படியாகக் கொள்வதே பொருத்தம்.

வங்கியை அழைத்து, “இந்தத் தொகையை நான் செலுத்தவில்லை” என்று மறுப்பது சிலருக்கு முதல் யோசனையாகத் தோன்றும். மெய்யான அட்டைத் திருட்டுக்கு அதுவே சரியான வழி, தயங்கக் கூடாது. மற்றவற்றுக்கு முதலில் கடையிடம் கேட்க வேண்டும். வங்கி வழியாக மறுத்த பயனர்களின் கணக்குகளை எப்பிக் கேம்ஸ் பூட்டிவிட்டதாகவும், அவர்கள் ஏற்கெனவே காசு கொடுத்து வாங்கிய பொருள்களையும் இழந்ததாகவும் மேற்சொன்ன வழக்கில் கூறப்பட்டது.

பணத்தைத் திரும்பக் கேட்டுக் காத்திருப்பவரைக் குறிவைக்கும் மோசடிக்காரர்களும் உள்ளனர். “உங்கள் பணத்தை அனுப்ப அட்டை எண்ணும் டிஏசி எண்ணும் வேண்டும்” என்று அழைப்பு வந்தால் துண்டித்துவிடுங்கள். பணம் வந்த வழியிலேயே திரும்பும். அதற்கு டிஏசி எண் தேவையே இல்லை.

சந்தா என்னும் சிறு துளை

ஒரே நாளில் 300 ரிங்கிட் போனால் வீடு அதிர்கிறது. மாதந்தோறும் 19 ரிங்கிட் 90 சென் போனால் எவரும் கவனிப்பதில்லை. ஓராண்டில் அது 238 ரிங்கிட் 80 சென் ஆகிவிடும். ஏழு நாள் இலவசம் என்று தொடங்கும் படத்திருத்தச் செயலிகளும் பயிற்சிச் செயலிகளும் எட்டாம் நாளில் பணம் பிடிக்கத் தொடங்கும். செயலியைத் திறன்பேசியிலிருந்து நீக்கிவிட்டதால் சந்தாவும் நின்றுவிட்டது என்று நினைப்பதுதான் இதில் பரவலான குழப்பம். செயலி போய்விடும், சந்தா போகாது. கடையில் உங்கள் கணக்கின் கீழ் உள்ள சந்தாப் பட்டியலுக்குச் சென்று அதைத் தனியாக இரத்து செய்ய வேண்டும். இரத்து செய்வதும் பணத்தைத் திரும்பக் கேட்பதும் இரு வேறு வேலைகள். இரத்து செய்தால் அடுத்த மாதப் பணம் நிற்கும். போன மாதப் பணத்துக்குத் தனியாகத்தான் விண்ணப்பிக்க வேண்டும்.

இலவசக் காலம் முடிவதற்குக் குறைந்தது 24 மணி நேரத்திற்கு முன்பே இரத்து செய்யும்படி ஆப்பிள் சொல்கிறது. ஆகவே, இலவசமாக ஒன்றில் சேரும் அதே நிமிடத்தில் நாள்காட்டியில் நினைவூட்டலையும் வைத்துவிடுங்கள். அதை ஏழாம் நாளில் வைத்தால் பிந்திவிடும். ஐந்தாம் நாளில் வையுங்கள்.